கழிந்த பொழுதைத் தேடி

“மாமா, இதை முழுக்க முடிக்க 90 மணித்தியாலம் செல்லுமாம்” என்றான் என் மருமகன்.

நான் விடைத்தாள் திருத்திக்கொண்டிருந்தேன். சிவப்பு மைப் பேனாவை மூடி வைத்துவிட்டு அவனை நிமிர்ந்து பார்த்தேன். அவன் முகத்தில் அச்சமும் இல்லை; வெட்கமும் இல்லை. நெடும்பயணம் புறப்படுபவன் வழித்தூரத்தைக் கேட்டறிந்தபின் மூட்டை கட்டுவதைப் போன்றதொரு நிதானமே இருந்தது. ‘இது’ என்று அவன் சுட்டியது யப்பானியர் ஆக்கிய ஒரு வீடியோ விளையாட்டை. ‘டிராகன் குவெஸ்ட்’ என்னும் வரிசையில் அது பதினோராவது.

அப்பொழுது பல்கலைக்கழக அனுமதிக்குரிய வெட்டுப்புள்ளி வெளியாகிச் சில வாரங்களே ஆகியிருந்தன. அவன் சிறிது கீழே நின்றுவிட்டான். உயர்தரப் பரீட்சைக்கு மறுமுறை தோற்றுவதோ, வேறு வழி பார்ப்பதோ என்று வீட்டார் கூடிக் கூடிப் பேசினார்கள். பேச்சுக்கு உரியவன் பேச்சிற் கலந்துகொள்ளாமல் விளையாட்டின் முன்னே அமர்ந்தான்.

ஆசிரியனாகிய எனக்கு வேறொரு கணக்குத் தோன்றியது. பாடவேளை ஒன்றுக்கு 40 நிமிடம். 90 மணித்தியாலம் என்றால் 135 பாடவேளை. கிழமைக்கு 5 பாடவேளை வீதம் 27 கிழமை. அத்தனை பாடவேளை கிடைத்தால் ஒரு காப்பியத்தின் பெரும்பகுதியை ஆற அமரப் படிப்பித்துவிடலாமே! இக்கணக்கை அவனுக்குச் சொன்னேன். அவன் சிரித்தான். “சரி மாமா, நீங்கள் பக்கத்தில் இருந்து பாருங்கோ. பிறகு ஏசுங்கோ” என்றான்.

இருந்து பார்த்தேன். இரவுக்கு இரண்டு மணித்தியாலம் வீதம் ஏறக்குறைய ஏழு கிழமை. என்னதான் இருக்கிறது அந்தத் தொண்ணூறு மணித்தியாலத்தில் என்பதே என் கேள்வி. அதற்குக் கண்ட விடையை இங்கே எழுதுகிறேன்.

இருபது எழுத்து மந்திரம்

இவ்வகை விளையாட்டுக்களின் நீளத்தை அறிய வேண்டுமாயின், அவை நீளமாவதற்கு முன் எவ்வாறு இருந்தன என்று அறிதல் வேண்டும்.

முதலாவது டிராகன் குவெஸ்ட் 1986ஆம் ஆண்டு மே மாதம் 27ஆம் நாள் யப்பானில் வெளிவந்தது. அதனை வகுத்தவர் யூஜி ஹொரி. 1954இல் அவாஜித் தீவிற் பிறந்தவர். வசேதா பல்கலைக்கழகத்தில் இலக்கியம் பயின்றவர். படக்கதை இதழொன்றில் எழுத்தாளராய் இருந்தவர். பாத்திரங்களையும் அரக்கர்களையும் வரைந்தவர் படக்கதை ஓவியர் அகிரா தொரியாமா. இசை வகுத்தவர் கொயிச்சி சுகியாமா. இம்மூவர் கூட்டு முப்பது ஆண்டுக்கு மேல் நிலைத்தது. சுகியாமா 2021இலும் தொரியாமா 2024இலும் மறைந்தனர்.

கணனியில் ஒருவன் ஒரு வீரனின் வேடத்தைத் தாங்கி, நாடு நாடாய்த் திரிந்து, பகையை வென்று, வலிமை பெற்று வளரும் விளையாட்டு அமெரிக்காவில் முன்னரே இருந்தது. ‘அல்ரிமா’, ‘விசார்ட்ரி’ என்னும் இரண்டையும் ஹொரி விரும்பி ஆடியவர். ஆனால் அவை பழகியோருக்கே உரியனவாய் இருந்தன. பள்ளிச் சிறுவன் ஒருவன் வீட்டுத் தொலைக்காட்சியில், உதவி ஏதுமின்றி ஆடத்தக்கதாய் அதனை எளிமைப்படுத்தியதே ஹொரியின் பணி.

அக்கருவியில் இடமோ மிகக் குறைவு. விளையாட்டு முழுவதும் 64 கிலோபைற்றுக்குள் அடங்க வேண்டும். இன்று கைத்தொலைபேசியில் எடுக்கும் ஒரு புகைப்படம் அதனிலும் பல மடங்கு பெரிது. யப்பானிய மொழிக்கு ஹிரகானா, கத்தகானா என அசையெழுத்து இருவகை உண்டு. பிறமொழிச் சொற்களுக்கும் அரக்கர் பெயர்களுக்கும் கத்தகானா வேண்டும். இரண்டையும் முழுதாய் வைக்க இடமில்லை. ஆதலின் கத்தகானாவில் ஏறக்குறைய 20 எழுத்துக்களை மட்டும் தெரிந்து வைத்துக்கொண்டு, அவ்வெழுத்துக்களால் ஆகும் பெயர்களையே அரக்கர்க்கு இட்டார்கள். எழுத்துப் பஞ்சத்திற் பிறந்த பெயர்கள் அவை. எதுகைக்கும் மோனைக்கும் சொல் தேடி அலைந்தவர்களுக்கு இந்த இடர்ப்பாட்டின் சுவை விளங்கும்.

மற்றோர் இடர்ப்பாடும் இருந்தது. ஆடியது எவ்வளவு என்பதை அக்கருவி நினைவில் வைத்திராது. மின்சாரத்தை நிறுத்தினால் யாவும் மறைந்துவிடும். அதற்கு ஹொரி குழுவினர் கண்ட வழி ‘உயிர்ப்பிக்கும் மந்திரம்’ என்பது. ஆட்டத்தை நிறுத்துமுன் அரசனிடம் சென்றால், அவன் 20 எழுத்துக் கொண்ட ஒரு மந்திரத்தைச் சொல்வான். வீரனின் பெயர், வலிமை, கைப்பொருள் அனைத்தும் அவ்வெழுத்துக்களுக்குள் மறைந்திருக்கும். அதைக் கொப்பியில் எழுதி வைத்து, மறுநாள் பிழையின்றி எழுத்துக் கூட்டிக் கொடுத்தால் விட்ட இடத்திலிருந்து தொடரலாம். அந்த 20 எழுத்தும் 5, 7, 5, 3 என அடி பிரித்து வைக்கப்பட்டன. ஹைக்கூ என்னும் யப்பானியக் குறும்பாவின் அளவு 5, 7, 5 என்பது வாசகர் பலரும் அறிந்ததே. பொருளற்ற எழுத்துத் தொடர் நாவிலும் நினைவிலும் நிற்கும் பொருட்டு அதற்கொரு பாவின் நடையைத் தந்திருக்கிறார்கள்!

பிழையின்றி எழுதுதல் எளிதன்று. யப்பானிய எழுத்திற் ‘ப’ என்னும் ஓசையை வல்லோசையாக்குவதும் மெல்லோசையாக்குவதும் மேலே இடும் சிறு கோடுகளும் சிறு வட்டமுமே. பழைய தொலைக்காட்சித் திரையில் இரண்டும் ஒன்றாகவே தெரியும். ‘நு’வும் ‘மெ’வும் உருவொத்தவை, ‘வ’வும் ‘நெ’வும் ‘ரெ’வும் அவ்வாறே. ஓரெழுத்துத் தவறினும் முதல்நாள் உழைப்பு முழுவதும் போயிற்று. புள்ளியில்லா ஏட்டைப் பெயர்த்தெழுதியவர்கள் பட்ட பாட்டை யப்பானியச் சிறுவர் 1986இற் பட்டார்கள் என்று எண்ணிக்கொண்டேன். 1987இல் வந்த இரண்டாம் விளையாட்டில் மந்திரத்தின் நீளம் 52 எழுத்து வரை சென்றது.

1988 பெப்ரவரி 10ஆம் நாள் மூன்றாவது வந்தது. அதில் மந்திரம் ஒழிந்து, சிறு மின்கலத்தின் உதவியால் ஆட்டத்தைப் பதிந்து வைக்கும் முறை வந்தது. அப்பதிவுக்கு இட்ட பெயர் ‘சாகச ஏடு’. ஆனால் ஏடும் அழியும். கருவி சற்று அதிர்ந்தாலோ, மின்கலம் தளர்ந்தாலோ, அச்சமூட்டும் ஓரிசையோடு ஏடு மறைந்துவிட்டது என்று இரக்கத்துடன் ஓர் அறிவிப்புத் தோன்றும். அவ்விசையைக் கேட்டு உள்ளம் நடுங்கிய தலைமுறையினர் இன்று ஐம்பதை அணுகியிருப்பர். அந்நாள் ஒரு புதன்கிழமை. பள்ளிக்குப் போகாமற் கடைவாசலில் வரிசை நின்ற மாணவர் பலரைக் காவற்றுறையினர் பிடிக்க நேர்ந்தது. அதன்பின் இவ்வரிசை விடுமுறை நாட்களில் வெளியிடப்படுவது வழக்கமாயிற்று. பதினோராவதும் 2017 யூலை 29ஆம் நாள், சனிக்கிழமையன்றே வெளிவந்தது.

இவற்றால் அறியக்கிடப்பது யாது? ஒரே அமர்வில் முடியாத ஆட்டமாக இருந்தமையாலேயே மந்திரமும் ஏடும் வேண்டியனவாயின. இழந்தால் வருந்தத்தக்க அளவு பொழுது அதனுள் சேர்ந்திருந்தது. அந்தப் பொழுதைக் காப்பதற்கே இத்தனை ஏற்பாடும்.

மூவகைப் பொழுது

பொழுதைப் பெரும்பொழுது என்றும் சிறுபொழுது என்றும் வகுப்பது நமது இலக்கண மரபு. அவ்வாறு இவ்விளையாட்டின் பொழுதை வகுத்துப் பார்த்தால் மூன்று கூறு தேறும். கதைப்பொழுது ஒன்று, பயிற்சிப்பொழுது ஒன்று, உலாப்பொழுது ஒன்று.

கதைப்பொழுது வெளிப்படை. பாத்திரங்கள் பேசுவதை வாசித்தும் கேட்டும் செல்லும் நேரம் அது. பதினோராவதன் முதல் யப்பானியப் பதிப்பில் எழுத்து மட்டுமே இருந்தது, குரல் இல்லை. 2018 செப்ரெம்பரில் ஆங்கிலப் பதிப்பு குரலோடு வந்தது. 2019இல் ‘நின்டெண்டோ சுவிச்’ கருவிக்கெனத் திருத்திய பதிப்பில் யப்பானியக் குரலும் சேர்ந்தது. விரைந்து வாசித்துச் செல்பவனுக்கு ஒரு கணக்கு. குரல் முடியும்வரை காத்திருந்து கேட்பவனுக்கு வேறு கணக்கு.

பயிற்சிப்பொழுது என்பது போரிற் கழியும் நேரம். நீ ஓர் அடி, நான் ஓர் அடி என்று முறை வைத்து நடக்கும் போர் அது. இடையில் எவ்வளவு நேரம் சிந்தித்தாலும் பகைவன் காத்திருப்பான். வென்றால் ‘கெய்க்கென்ச்சி’ கிடைக்கும். ‘கெய்க்கென்’ என்றால் அனுபவம். ‘ச்சி’ என்றால் மதிப்பு. அனுபவத்துக்கு எண்ணிட்டு அளந்து தருகிறார்கள். குறித்த அளவு சேர்ந்தால் வீரன் ஒரு படி உயர்வான். இச்சொல் விளையாட்டைக் கடந்து, யப்பானியரின் நாட்பேச்சிலும் புகுந்துவிட்டது. கைவேகம் இல்லாதவனும் பொறுமை இருந்தால் இந்த எண்ணைச் சேர்த்து வலியவனாகிவிடலாம். திறமையற்றவனுக்குப் பொழுதே திறமையாக மாறுகிறது. இவ்விளையாட்டுக்கள் நீண்டமைக்கு முதற்காரணம் இதுவென்பேன்.

இதிலொரு நுட்பமான விதியும் உண்டு. வீரர் அனைவரும் போரில் வீழ்ந்தால் ஆட்டம் முடிவதில்லை. தேவாலயத்திற் கண் விழிக்கலாம். கைப்பொருளிற் பாதி போயிருக்கும். பெற்ற அனுபவம் குறைந்திராது. இவ்விதியை மருமகன் சொன்னபோது ‘நன்று’ என்றேன். அப்போது அதன் முழுப்பொருளையும் நான் உணரவில்லை.

மூன்றாவது உலாப்பொழுது. வேண்டுமாயின் உலவலாம்; வேண்டாவிடின் விட்டுச் செல்லலாம். ஊருக்குள் எந்த வீட்டினுள்ளும் நுழைந்து எவரோடும் பேசலாம். கதை ஓரடி நகர்ந்தபின் மீண்டு வந்தால் அதே கிழவி வேறொன்று சொல்வாள். ஊரார் வேண்டுகோள்களை நிறைவேற்றலாம். குதிரைப் பந்தயம் ஓடலாம். உலையிட்டு வாள் வடிக்கலாம். வெந்நீரூற்றுச் சூழ்ந்த ஒரு யப்பானியச் சாயலூர் வருகிறது. ஆங்கிலத்தில் மொழிபெயர்த்தோர் அவ்வூரார் பேச்சு முழுவதையும் 5, 7, 5 அளவில் ஹைக்கூவாகவே அமைத்திருக்கிறார்கள். கடைக்காரனும் குறும்பாவிலேயே விலை பேசுகிறான். இதைக் கண்டபின் அவ்வூரிலிருந்து விரைவிற் கிளம்பவேண்டாம் என்று மருமகனிடம் சொன்னவன் நானேதான். அன்றைய இரண்டு மணித்தியாலமும் என் கணக்கு.

இனி எண்ணுக்கு வருவோம். கதையை மட்டும் பற்றிக்கொண்டு சென்றால் பதினோராவதற்கு 50 முதல் 60 மணித்தியாலம் வரை செல்லும். வழியில் ஓரளவு உலவினால் 80ஐக் கடந்து 90ஐ அணுகும். ஒன்றையும் விடேன் என்பவனுக்கு நூறும் போதாது. இதே வரிசையில் 2000ஆம் ஆண்டு வந்த ஏழாவது கதைக்கே நூறு மணித்தியாலத்தை எடுத்துக்கொள்ளும் எனப் பெயர்பெற்றது. முதற்பகைவனைக் காண்பதற்கே சில மணித்தியாலம் காத்திருக்க வேண்டும். 2013இல் அதனைப் புதுக்கியபோது அத்தொடக்கத்தைச் சுருக்கினார்கள்.

நீளத்தையே பொருளாக்கிய வேறொரு யப்பானிய விளையாட்டும் உண்டு. 2016இல் ‘அட்லஸ்’ நிறுவனம் வெளியிட்ட ‘பெர்சோனா 5’ என்பது அது. அதற்கும் நூறு மணித்தியாலம் அளவிற் செல்லும். தோக்கியோவிலே ஒரு பள்ளி மாணவனின் ஓராண்டு, நாட்காட்டியில் நாள் நாளாகக் கழிகிறது. மாலைப்பொழுது ஒன்றைப் படிப்புக்குக் கொடுத்தால் நண்பனுக்குக் கொடுக்க முடியாது. அங்கே பரீட்சையும் உண்டு. பரீட்சையை மறப்பதற்கு விளையாடுபவனுக்கு விளையாட்டினுள்ளும் பரீட்சை வைத்திருக்கும் குறும்பை என்னென்பது!

முடிவுக்குப் பின் ஒரு முடிவு

இவ்வளவும் நீளத்தின் புறக்கணக்கு. நான் சொல்ல வந்தது அதன் அகக்கணக்கு. அதற்குக் கதையைச் சொல்லியாக வேண்டும். ஆடி முடிக்க எண்ணியிருப்போர் இப்பகுதியைத் தாண்டிச் செல்க.

கையில் ஒளிக்குறியோடு பிறந்தவன் வீரன். பிறந்தவுடனேயே அவன் நாடு அரக்கர் படையால் அழிகிறது. ஆற்றில் மிதந்து வந்த குழந்தையை ஒரு மலைக்கிராமத்து முதியவர் எடுத்து வளர்க்கிறார். வளர்ந்து அரசவைக்குச் சென்றவனை உலகை மீட்க வந்தவன் என்று போற்றாமல், கேடு விளைக்கப் பிறந்தவன் என்று சிறையிடுகிறார்கள். தப்பி ஓடும் வழியில் தோழர் ஒவ்வொருவராய்ச் சேர்கின்றனர். அவர்களுள் வெரோனிக்கா, செரீனா என்னும் இரட்டைச் சகோதரியர் இருவர். வெரோனிக்கா மந்திரம் வல்லவள். அரக்கன் ஒருவன் செயலால் உருவத்திற் சிறுமியாகிவிட்டவள். சினமும் குறும்பும் நிறைந்த வாய் அவளுக்கு. செரீனா காயம் ஆற்றுபவள், மென்மையே உருவானவள்.

ஆறு மணிகளைத் தேடிச் சேர்த்து, உலகுயிர்கள் அனைத்துக்கும் ஆதாரமாய் வானில் நிற்கும் பெருமரத்தை அவர்கள் அடைகிறார்கள். அங்கே வெற்றி கிட்டும் என்று ஆடுபவன் நம்புகிறான். கிட்டுவது தோல்வி. பகைவன் மரத்தின் ஆற்றலைக் கவர்கிறான். மரம் வீழ்கிறது, உலகம் எரிகிறது. இதுவரை ஏறக்குறைய 30 மணித்தியாலத்துக்கு மேல் ஆகியிருக்கும்.

இரண்டாம் பகுதியில் வீரன் கடலடியில் ஒரு மீனுருவிற் கண் விழிக்கிறான். சிதறிய தோழரை ஒவ்வொருவராய்த் தேடுகிறான். எல்லாரும் கிடைக்கிறார்கள். வெரோனிக்கா மட்டும் கிடைக்கவில்லை. மரம் வீழ்ந்த கணத்தில் தன் ஆற்றல் முழுவதையும் செலவிட்டு ஏனையோரைத் தப்பவைத்தவள் அவள் என்பது பிறகே தெரிய வருகிறது. அவளுடைய மந்திரங்கள் அனைத்தும் தங்கையைச் சேர்கின்றன. செரீனா தன் நீண்ட கூந்தலை அறுத்துவிடுகிறாள்.

இவ்விடத்தில் விளையாட்டு, நூல் செய்ய இயலாத ஒன்றைச் செய்கிறது. நூலில் ஒரு பாத்திரம் மறைந்தால் நாம் கேட்டவர், வருந்துவோம். இங்கோ முப்பது மணித்தியாலமாக அவளை வளர்த்தவன் ஆடுபவனே. அவளுக்குக் கோல் வாங்கியவன் அவன். அவள் வீழ்ந்தபோதெல்லாம் எழுப்பியவன் அவன். தோழர் வரிசையைத் திறந்து பார்த்தால் அவளுக்குரிய இடம் வெறுமையாய் இருக்கும். சொற்களால் ஆகிய துயரத்துக்கு மேலே பழக்கத்தால் ஆகிய துயரம் ஒன்று சேர்கிறது. அதற்கு முப்பது மணித்தியாலம் வேண்டும். மூன்று மணித்தியாலத்தில் அது விளையாது.

ஈற்றில் பகைவன் வீழ்கிறான். உலகில் ஒளி பரவுகிறது. ஆக்கியோர் பெயர்களெல்லாம் திரையில் ஓடுகின்றன. முடிந்தது என்று கருவியை நிறுத்திவிடுவோரும் உண்டு. மருமகனின் ஏடு அப்போது 61 மணித்தியாலம் என்று காட்டியது. “முடிந்ததா?” என்றேன். “இல்லை, மாமா” என்றான்.

மூன்றாம் பகுதி அங்கே தொடங்குகிறது. கைவிடப்பட்ட ஒரு கோபுரத்தினுள் காலத்தைக் காக்கும் ஓர் உருவம் இருக்கிறது. வீரன் இசைந்தால் மரம் வீழ்வதற்கு முன்னைய காலத்துக்கு அவனை மீட்டும் அனுப்பும். வெரோனிக்கா உயிரோடிருப்பாள். ஆனால் செல்பவன் அவன் ஒருவனே. இந்த உலகுக்குத் திரும்பி வருதல் இயலாது. இங்கே அழுது, மீண்டு, ஒருவரை ஒருவர் தாங்கி நின்ற தோழர் அனைவரும் அங்கே இவற்றில் ஒன்றையும் அறியாதவராய் இருப்பர். தோழர்கள் ஒவ்வொருவராய் விடைதருகிறார்கள். பின்னர், போவாயா என்று விளையாட்டு ஆடுபவனைக் கேட்கிறது.

மருமகன் கைக்கருவியைக் கீழே வைத்தான். “மாமா, திரும்பிப் போனால் இவையளுக்கு ஒண்டும் ஞாபகம் இராதாம். போறதோ, விடுறதோ?” என்றான். எனக்கு விடை தெரியவில்லை. அன்று மட்டுமன்று, மறுநாளும் அவன் கருவியைத் தொடவில்லை.

பெயரின் பொருள்

இவ்விளையாட்டின் யப்பானியத் துணைப்பெயர் ‘சுகிசாரிஷி தோக்கி ஓ மோத்தோமெத்தே’. கழிந்த பொழுதைத் தேடி என்பது பொருள். பிரெஞ்சு நாவலாசிரியர் மார்செல் புரூஸ்த் எழுதி 1913 முதல் 1927 வரை ஏழு பகுதிகளாய் வெளிவந்த பெருநாவலின் யப்பானியப் பெயர் ‘உஷினாவாரெத்தா தோக்கி ஓ மோத்தோமெத்தே’. இழந்த பொழுதைத் தேடி என்பது அதன் பொருள். பின்னிரு சொற்களும் ஒன்றே. முன்னதிலுள்ள ‘சுகிசாரிஷி’ பேச்சு வழக்கில் இல்லாத பழைய இலக்கிய வினைவடிவம். ஆங்கிலப் பதிப்பில் இப்பெயர் வேறாகிவிட்டது, தேடலும் மறைந்துவிட்டது. யப்பானியப் பெயரையே நான் விரும்புகிறேன். ‘இழந்த’ என்பதிலும் ‘கழிந்த’ என்பதில் நீதி மிகுதி. கழிந்தவை யாவும் இழந்தவையாகா.

மூன்றாம் பகுதியைக் குறைகூறுவோர் பலர் உளர். மறைந்தவளை மீட்டுத் தருவது அவள் தியாகத்தின் மதிப்பைக் குறைத்துவிட்டது; இரண்டாம் பகுதியின் துயரம் பொய்யாகிவிட்டது என்பது அவர் வாதம். வலிய வாதமே. ஆனால் ஒன்றை அவர்கள் மறந்துவிட்டார்கள் போலும். இவ்வரிசையின் கதாநாயகன் பேசுவதில்லை. ஆடுபவனே வீரன் ஆதலால் அவனுக்குத் தனிப்பேச்சு வேண்டாம் என்பது ஹொரியின் கொள்கை. ஆகவே மீண்ட உலகில், வெரோனிக்கா வழக்கம்போல் அவனை ஏசிக்கொண்டு முன்னே நடக்கும்போது, அவள் இறந்ததையும் அவள் தங்கை கூந்தல் அறுத்ததையும் அறிந்த ஒருவன் வாய் திறவாமற் பின்னே நடக்கிறான். அவன் யார்? திரைக்கு முன்னே இருப்பவன். அத்துயரம் பொய்யாகவில்லை. எல்லாருக்கும் பொதுவாய் இருந்தது ஒருவனுக்கே உரியதாயிற்று.

இங்கேதான் அறுபது மணித்தியாலத்தின் கணக்குத் தீர்கிறது. விளையாட்டு முதலில் ஆடுபவனுடைய பொழுதை வாங்குகிறது. அப்பொழுதால் ஓர் உலகை அவனுக்கு உரிமையாக்குகிறது. பின்னர் அவ்வுரிமையை விட்டுவிடச் சம்மதமா என்று கேட்கிறது. கதைச்சுருக்கத்தை வாசித்தறிந்தவனுக்கு இக்கேள்வி வெறுஞ்சொல். அவன் கொடுப்பதற்கு ஒன்றும் இல்லை. கொடுத்தவனையே கேட்க முடியும். ஆகையால் இந்த நீளம் கதைக்கு மேற் பூசிய பூச்சன்று, கதையின் உறுப்பு. பயிற்சிப்பொழுதிலும் உலாப்பொழுதிலும் சுருக்கத்தக்கது உண்டு, திருத்திய பதிப்பிற் போரை விரைவாக்கும் வசதியைச் சேர்த்தார்கள், அது தகும். ஆனால் தோழரோடு கூடித் திரிந்த பொழுதைச் சுருக்கினால் கோபுரத்தின் முன் நிற்பவனுக்குக் கை நடுங்காது.

நீண்டவை எல்லாம் இவ்வாறு தகுதி உடையன என்று நான் சொல்லமாட்டேன். பணம் கொடுத்தவனுக்கு நிறையக் கொடுத்தோம் என்று காட்டுவதற்காக நீட்டப்பட்டவையும் பல. நூலிலும் அவ்வகை உண்டு. நீளத்தை எண்ணால் அறியலாம்; தகுதியை முடிவில் மிஞ்சுவதால் அறிய வேண்டும்.

மிஞ்சியது

மூன்றாம் நாள் இரவு மருமகன் போவதென்றே முடிவு செய்தான். மேலும் பல இரவுகள் சென்றன. உண்மையான முடிவு வந்தபோது ஏடு 97 மணித்தியாலம் என்று காட்டியது. என் கணக்கில் அது 145 பாடவேளைக்கும் மேல். அக்கணக்கை நான் இன்னும் கைவிடவில்லை. ஒரு மாணவனின் வாழ்வில் 97 மணித்தியாலம் சிறிதன்று. அதை எங்கே கொடுக்கிறான் என்று கேட்க ஆசிரியர்க்கு உரிமையுண்டு, கடமையும் உண்டு. கேட்பதற்கு முன் ஒருமுறை பக்கத்தில் அமர்ந்து பார்க்கும் கடமையும் உண்டென்பதே நான் புதிதாய்க் கற்றது.

மறுநாட் காலை அவன் என் மேசையருகே வந்து நின்றான். “மறுமுறை எடுக்கப்போறன், மாமா” என்றான். சிறிது பொறுத்து, “அவங்கள் எல்லாரும் முன்னுக்குப் போயிடுவாங்கள்” என்றான். அவனோடு படித்தவர்களைச் சொல்கிறான் என்று விளங்கிற்று. அவர்கள் பல்கலைக்கழகம் புகுவார்கள். புதிய நண்பரைப் பெறுவார்கள். இவன் பழைய பாடங்களோடு, தன்னிலும் இளையோர் நடுவில், ஓராண்டு பின்னே சென்று அமர வேண்டும். இரண்டாம் முறை வந்தவன் என்பது இவனுக்கு மட்டுமே தெரிந்த பாரமாய் இருக்கும்.

விளையாட்டினால் இம்முடிவுக்கு வந்தான் என்று நான் துணியமாட்டேன். அவனுடைய தாயார் சொல்லும், அவனுடைய சொந்த மனமும் காரணமாயிருக்கலாம். நான் அவனிடம் கூறியது ஒன்றே. கைப்பொருளிற் பாதி போகும், பெற்ற அனுபவம் குறையாது என்று அவன் எனக்குச் சொன்ன விதியை அவனுக்கே திருப்பிச் சொன்னேன். அவன் சிரிக்கவில்லை, தலையசைத்தான்.

அன்று மாலை கருவியைப் பெட்டியிலிட்டு அலுமாரியின் மேலே வைத்தான். ஏடு அதனுள்ளே இருக்கிறது. இக்காலத்து ஏடு எளிதில் அழியாதாம். கீழே மேசையில், சென்ற ஆண்டின் கொப்பிகளைத் தூசு தட்டி அடுக்கியிருந்தான்.